பரோட்டா மாஸ்டர் லென்ஸைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே இருந்தால்

பரோட்டா மாஸ்டர் ஒருவரைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறீர்கள், அவரோ கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே இருக்கிறார், என்ன செய்வது என்று கேட்டிருக்கிறீர்கள். "கேமராவைப் பார்க்காதீங்க" என்று அவரிடம் இனி சொல்லாதீர்கள். சொல்லச் சொல்ல அதுதான் மனதில் நிற்கும். ராத்திரி கூட்டம் நெருக்கும் நேரத்தில் மட்டும் எடுங்கள். ஒரு கையில் மாவு, கல்லில் எட்டு பரோட்டா கருகப் பார்க்கிறது, பார்சல் பையன் கத்துகிறான். அப்போது லென்ஸ் யாருக்கு ஞாபகம் வரும்?

இரண்டு வாரமாக ஒரு இயல்பான ஷாட்கூட இல்லை என்கிறீர்கள். என் சந்தேகம் உங்கள் மேல்தான். "அண்ணே, இன்னொரு தடவை வீசுங்க" என்று எப்போதாவது கேட்டீர்களா? கேட்டிருந்தால் அன்றைக்கே அவர் நடிகராகிவிட்டார். எடுத்ததை ஹெட்போனில் போட்டுக் கேளுங்கள், உங்கள் குரல் எத்தனை இடத்தில் வருகிறது என்று எண்ணுங்கள்.

அப்புறம், ஆளைக் குறையுங்கள். பேட்டியோ பின்னணிக் குரலோ இல்லாமல் படமெடுத்த அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃப்ரெட்ரிக் வைஸ்மன், சின்னக் குழுவோடு போய் மைக்கைத் தானே பிடித்தவர். அந்தப் பத்தடிக் கடைக்குள் நீங்கள் ஐந்து பேர்!

ஒரு விஷயம். கேமராவை மறந்தபின் முதலாளியிடம் அவர் திட்டு வாங்குவதும் பதிவாகும். அதைப் படத்தில் வைக்கும் முன் அவருக்குப் போட்டுக் காட்டிக் கேட்டுவிடுங்கள்.