ஆயாவின் வாயை ஏன் அடைத்தீர்கள்?

கேள்வி: எங்கள் மகனுக்கு நாலரை வயது. எல்.கே.ஜி. படிக்கிறான். ஏபிசிடி, நூறு வரை எண்கள், டைனோசர் பெயர்கள் எல்லாம் டேப் பார்த்தே கற்றுக்கொண்டான். ஆனால் மிஸ் கூப்பிட்டுப் புகார் சொல்கிறார். விளையாடும்போது ஒரு குழந்தை விழுந்து அழுதிருக்கிறாள். இவன் அவள் கையிலிருந்த பந்தை எடுத்துக்கொண்டு போய்விட்டானாம். "அவ ஏன் அழறா?" என்று கேட்டால் பதில் தெரியவில்லை. ஒளிந்து விளையாடினால், எங்கே ஒளிந்திருக்கிறான் என்று அவனே சொல்லிவிடுகிறான். நானும் கணவரும் வேலைக்குப் போகிறோம். வீட்டில் மாமியார், அதாவது பையனின் ஆயா, பார்த்துக்கொள்கிறார். அவர் காசிமேட்டில் மீன் விற்றவர், பேச்சு ஒரு மாதிரி இருக்கும் என்பதால் பையனிடம் அதிகம் பேச வேண்டாம் என்று சொல்லி வைத்திருக்கிறோம். பெரம்பூரில் 'சோஷியல் ஸ்கில்ஸ்' வகுப்பு ஒன்று இருக்கிறது. மாதம் 4,000 ரூபாய். சேர்க்கலாமா?
— வாசகி, தண்டையார்பேட்டை

பதில்: வகுப்பைப் பற்றி அப்புறம் பேசுவோம். மாமியாரைப் பற்றி ஒரு வரி எழுதிவிட்டுக் கடந்து போய்விட்டீர்கள். எனக்கு அந்த வரியைத் தாண்ட முடியவில்லை.

பள்ளி விட்டு வந்ததிலிருந்து நீங்கள் வீடு திரும்பும்வரை உங்கள் பிள்ளையோடு இருக்கும் ஒரே மனுஷி அவர். சோறு ஊட்டலாம், கால் கழுவி விடலாம், தூங்க வைக்கலாம், ஆனால் பேசக் கூடாது என்று அவரிடம் சொல்லியிருக்கிறீர்கள். சம்பளத்துக்கு வைத்த ஆளிடம்கூட யாரும் இப்படிச் சொல்ல மாட்டார்கள். சொந்தப் பேரனிடம் பேசத் தடை போட உங்களுக்கு எப்படி மனசு வந்தது? அதைக் கேட்டுக்கொண்டு சும்மா இருந்த உங்கள் கணவரை என்னவென்று சொல்வது? அந்த மீன் கூடைதானே அவருக்குச் சோறு போட்டது?

இந்த மாதிரிக் கடிதம் எனக்குப் புதிதில்லை. ராயபுரம், கொருக்குப்பேட்டை, வியாசர்பாடி என்று வடசென்னை முழுக்க இருந்து வருகிறது. பக்கத்து வீட்டுப் பசங்களோடு சேர விடுவதில்லை என்பார் ஒருவர், ஊர்ப் பாஷை ஒட்டிக்கொள்ளும் என்று வாசல் கதவைச் சாத்தியே வைத்திருக்கிறேன் என்பார் இன்னொருவர். அந்த வீட்டுப் பிள்ளைகளைப் பற்றி வரும் புகாரும் உங்களுடையது போலத்தான் இருக்கிறது. எல்லாம் தெரிகிறது, பக்கத்தில் இருப்பவனுக்கு என்ன ஆச்சு என்று மட்டும் தெரியவில்லை.

உங்கள் மகன் ஒளிந்த இடத்தைச் சொல்லிவிடுவதைப் பார்ப்போம். 1983-ல் ஹைன்ஸ் விம்மர், யோசஃப் பெர்னர் என்ற இரண்டு உளவியலாளர்கள் குழந்தைகளுக்கு ஒரு கதை சொன்னார்கள். ஒரு பையன் சாக்லேட்டை நீல அலமாரியில் வைத்துவிட்டு வெளியே போகிறான். அவன் இல்லாதபோது அம்மா அதை எடுத்துப் பச்சை அலமாரியில் வைக்கிறாள். திரும்பி வரும் பையன் சாக்லேட்டை எங்கே தேடுவான்? மூன்று வயதுப் பிள்ளைகள் பச்சை அலமாரியைக் காட்டினார்கள். தனக்குத் தெரிந்தது அவனுக்கும் தெரியும் என்றே அவர்கள் நினைக்கிறார்கள். தனக்குத் தெரிவது மற்றவனுக்குத் தெரியாமல் இருக்கலாம், அவன் தப்பாக நினைத்துக்கொண்டிருக்கலாம் என்பது நாலு, ஐந்து வயதில்தான் மெல்லப் பிடிபடுகிறது.

அது வயது ஏறினால் தானாக வந்துவிடும் என்று நினைத்துவிடாதீர்கள். 1994-ல் பெர்னரும் அவருடைய சகாக்களும் பார்த்தபோது, அண்ணன் தம்பி, அக்கா தங்கையோடு வளரும் பிள்ளைகளுக்கு இது சீக்கிரம் வந்தது. உங்கள் பிள்ளை ஒற்றைப் பிள்ளை, அதற்கு என்ன செய்வது என்பீர்கள். 1996-ல் சார்லி லூயிஸ் குழுவினர் கிரீட், சைப்ரஸ் தீவுகளில் பெரிய குடும்பங்களின் பிள்ளைகளைப் பார்த்தார்கள். கூடப் பிறந்தவர்கள் மட்டும் கணக்கில்லை. ஒரு பிள்ளை தினமும் எத்தனை பெரியவர்களோடும் தன்னைவிட மூத்த பிள்ளைகளோடும் பழகுகிறது என்பதைப் பொறுத்துத்தான் அந்தப் புரிதல் இருந்தது. பாட்டி, சித்தி, எதிர்வீட்டு அண்ணன் என்று நாம் காலங்காலமாக வைத்திருந்த அதே ஏற்பாடுதான் இது. ரஷ்ய உளவியலாளர் லெவ் வைகோட்ஸ்கி 1934-ல் இறப்பதற்கு முன்பே சொல்லிவிட்டுப் போனார்: பிள்ளையின் யோசனை முதலில் இரண்டு பேருக்கு நடுவில் பேச்சாக நடக்கிறது, அப்புறம்தான் அதன் தலைக்குள் போகிறது.

உங்கள் வீட்டில் அந்த இரண்டாவது ஆளின் வாயை நீங்களே அடைத்துவிட்டீர்கள்.

பேச விட்டிருந்தால் என்ன நடந்திருக்கும் என்று சொல்கிறேன். பையன் கதவுக்குப் பின்னால் நிற்பான், கால் இரண்டும் வெளியே தெரியும். ஆயா அதைப் பார்த்துவிட்டுக் கட்டிலுக்கு அடியில் தேடுவார். "ஐயோ, எம் புள்ளைய காணோமே, இங்கதான இருந்துச்சு!" என்பார். பையன் மூச்சை அடக்கிக்கொண்டு, நான் இருக்கும் இடம் ஆயாவுக்குத் தெரியாது என்று பூரிப்பான். சாப்பிடும்போது "எனக்கு ஒரு வாய் குடு கண்ணு" என்பார், தராவிட்டால் முகத்தைத் தொங்கப் போட்டுக்கொள்வார். அவன் அந்த முகத்தை ஒரு நிமிஷம் பார்ப்பான், பிறகு கையை நீட்டுவான். தெருவில் ஒரு குழந்தை விழுந்தால் "பாப்பாவுக்கு முட்டி சிராய்ச்சிக்கிச்சி பாரு, எரியும்ல?" என்று அவன் தாடையைப் பிடித்து அந்தப் பக்கம் திருப்புவார். மிஸ் கேட்ட கேள்விக்கு விடை அந்தப் பேச்சில்தான் இருக்கிறது. அவன் அதைக் கேட்டதே இல்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். மீன் விற்றவர் என்று ஏதோ குறை மாதிரி எழுதியிருக்கிறீர்கள். விடியும் முன்னே துறைமுகத்தில் ஏலத்துக்கு நிற்கிற பெண்ணுக்கு, எதிரில் நிற்பவன் எவ்வளவு வரைக்கும் போவான், எவன் சும்மா ஏற்றிவிடுகிறான் என்று முகத்தைப் பார்த்தே தெரிய வேண்டும். தெரியாவிட்டால் அன்றைக்கு முதல் போச்சு. அப்புறம் தெருவில் உட்கார்ந்து சங்கராவையும் காரப்பொடியையும் கூறு கட்டி வைத்தால், வருகிற அம்மா வாங்கத்தான் வந்தாளா, விலை கேட்டுவிட்டுப் போகிறவளா, வீட்டில் விருந்தாளியா, கையில் காசு குறைவா என்பதையெல்லாம் அவள் வாயைத் திறப்பதற்குள் படித்துவிட வேண்டும். அடுத்தவர் மனசைப் படிப்பதையே பிழைப்பாக வைத்திருந்தவர் உங்கள் வீட்டுக்குள் இருக்கிறார். நீங்களோ அதைச் சொல்லிக்கொடுக்கப் பெரம்பூரில் ஆள் தேடுகிறீர்கள்!

பேச்சு 'ஒரு மாதிரி' என்று பயப்படுகிறீர்களே, அதற்கும் வருகிறேன். கெட்ட வார்த்தை பேசுகிறார் என்றால் அந்த வார்த்தை வேண்டாம் என்று மரியாதையாகச் சொல்லலாம். மற்றபடி "இன்னா", "வந்துக்கினு" என்பதெல்லாம் இந்த ஊரின் தமிழ், அதில் அசிங்கம் ஒன்றும் இல்லை. நாலு வயதுப் பிள்ளை இரண்டு வயதுப் பிள்ளையிடம் பேசும்போது வாக்கியத்தைச் சுருக்கி எளிதாக்கிப் பேசுகிறது என்று மெரிலின் ஷாட்ஸும் ரோஷல் கெல்மனும் 1973-லேயே காட்டினார்கள். ஆள் பார்த்துப் பேசும் வித்தை அந்த வயதிலேயே தொடங்கிவிடுகிறது. ஆயாவிடம் ஒரு பேச்சு, மிஸ்ஸிடம் ஒரு பேச்சு என்று உங்கள் மகனும் பழகிக்கொள்வான். எதிரில் இருப்பவர் யார், அவருக்கு எது புரியும் என்று யோசித்தால்தானே அப்படி மாற்றிப் பேச முடியும்? அவனிடம் இப்போது இல்லாததே அந்த யோசனைதான்.

டேப் எவ்வளவு டைனோசர் பெயர் வேண்டுமானாலும் சொல்லித் தரட்டும். இவன் முகம் வாடினால் அதற்குத் தெரியாது, கேட்ட கேள்வியை இவனுக்காக மாற்றிக் கேட்காது. அமெரிக்காவில் பாட்ரிசியா கூல் 2003-ல் வெளியிட்ட ஆய்வில், ஒன்பது மாதக் குழந்தைகளுக்கு எதிரே உட்கார்ந்து சீன மொழி பேசியபோது அந்த ஒலிகளைப் பிரித்தறியக் கற்றுக்கொண்டன. அதே பேச்சை டி.வி.யில் பார்த்த குழந்தைகள் எதையும் கற்கவில்லை. ஒலிக்கே ஆள் தேவைப்படுகிறது என்றால், மனசைப் புரிந்துகொள்ள?

ஒரு எச்சரிக்கை. பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்புவதில்லை, முகம் பார்ப்பதில்லை, விரல் நீட்டி எதையும் காட்டியதில்லை என்றால் விஷயம் வேறு. அதற்குப் பெற்றவர்களோ பாட்டியோ காரணம் இல்லை. உடனே எழும்பூர் அரசு குழந்தைகள் மருத்துவமனையில் காட்டுங்கள். நீங்கள் அப்படி எதுவும் எழுதவில்லை.

பெரம்பூர் வகுப்பு இப்போது வேண்டாம். டேப்பைச் சாப்பாட்டு நேரத்திலிருந்து முதலில் எடுங்கள். வாசல் கதவைச் சாயங்காலம் திறந்து வையுங்கள், பக்கத்து வீட்டுப் பசங்க வரட்டும், சண்டை போடட்டும், பந்து யாருடையது என்று அவர்களே பஞ்சாயத்து பண்ணட்டும்.

மாமியாரிடம் நீங்களே போய்ப் பேசுங்கள், கணவரைத் தூது அனுப்பாதீர்கள். "அத்தை, நாங்க சொன்னது தப்பு. இனிமே அவன்கிட்ட வாய் நிறையப் பேசுங்க" என்று சொல்லுங்கள். முகத்தைத் திருப்பிக்கொண்டால் பொறுத்துக்கொள்ளுங்கள், நாலு வார்த்தை திட்டினால் வாங்கிக்கொள்ளுங்கள். அவருக்கு அந்த உரிமை இருக்கிறது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் பேரனைக் காசிமேட்டுக்குக் கூட்டிப் போகச் சொல்லுங்கள். நீங்களும் கூடப் போனால், அவர் பேரம் பேசும்போது நடுவில் புகுந்து திருத்தாதீர்கள்.