ஆற்றோடு போனவர்களின் புத்தகங்கள்: வாசகர் கேள்வி பதில்

சாகசப் பயணம், எல்லைப்புற வரலாறு, ஆறுகள் என மூன்று பொருளில் கேள்விகள் அனுப்பச் சொல்லியிருந்தோம். வடசென்னை வாசகர்களுக்கு இந்த இதழில் பதில்.

கொலராடோ ஆற்றில் ஒரே கையோடு பயணம் போன பவலின் புத்தகத்தைப் படித்தேன். தேதி போட்ட நாட்குறிப்பாக இருக்கிறது. அப்படியே நம்பலாமா? (காசிமேடு வாசகர்)

நம்பலாம், ஆனால் பக்கத்தில் இன்னொரு சாட்சியை வைத்துக்கொண்டு நம்புங்கள். அமெரிக்க நிலவியலாளர் ஜான் வெஸ்லி பவல் 1869 மே 24 அன்று வயோமிங்கில் இருந்து கிளம்பினார். அவரையும் சேர்த்து 10 பேர், 4 படகுகள், 10 மாத உணவு. மூன்று மாதம் கழித்து, ஆகஸ்ட் கடைசியில், பெரும் பள்ளத்தாக்கை (கிராண்ட் கேன்யன்) தாண்டி வெளியே வந்தவர்கள் 6 பேர்தான். ஒருவர் ஆரம்பத்திலேயே விலகிவிட்டார். மூன்று பேர் முடிவுக்கு இரண்டே நாள் இருக்கும்போது ஆற்றை நம்பாமல் கரையேறி நடந்தார்கள். அவர்கள் உயிரோடு திரும்பவில்லை.

புத்தகம் வந்தது 1875-ல். இடையில் 1871-72-ல் பவல் வேறு ஆட்களோடு அதே ஆற்றில் மறுபடியும் போனார். அந்த இரண்டாம் பயணத்தில் நடந்தவற்றையும் 1869 தேதிகளுக்குள் நுழைத்து ஒரே பயணமாக எழுதிவிட்டார். இரண்டாம் பயணத்து ஆட்களின் பெயர் புத்தகத்தில் இல்லை. அதனால் முதல் பயணத்தில் கூடவே போன ஜாக் சம்னர், ஜார்ஜ் பிராட்லி இருவரின் குறிப்பேடுகளையும் தேடிப் படியுங்கள். நனைந்த மாவு, கெட்டுப்போன பன்றி இறைச்சி, தலைவர் மேல் எரிச்சல் எல்லாம் அவற்றில் பச்சையாக இருக்கும். பவல் பாறையின் நிறத்தை வர்ணிக்கும் அதே நாளில் பிராட்லி சாப்பாட்டைத் திட்டிக்கொண்டிருப்பார்.

படகு தெரிந்தவர் என்பதால் இதையும் கவனியுங்கள். நான்கில் மூன்று 21 அடி நீள ஓக் மரப் படகுகள், அடிப்பாகம் உருண்டை. அமைதியான துறைமுகத் தண்ணீரில் நேராக, வேகமாக ஓடுவதற்கான வடிவம் அது. பாறைகளுக்கு நடுவில் சட்டென்று திருப்ப முடியாது. துடுப்பு போடுகிறவர்கள் போகும் திசைக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்ததால், முன்னால் வரும் சுழலை அவர்களால் பார்க்கவும் முடியாது. ஜூன் மாதமே ஒரு படகு உடைந்து உணவில் பெரும் பங்கு போய்விட்டது. 1890-களில் நதானியேல் காலவே என்பவர் தட்டையான அடிப்பாகம் கொண்ட படகைப் பின்பக்கம் முன்னால் இருக்கும்படி திருப்பி, சுழலைப் பார்த்தபடி, நீரோட்டத்துக்கு எதிராகத் துடுப்பு போட்டு வேகத்தைக் குறைத்து இறங்கினார். பிறகு எல்லோரும் அந்த வழிக்கு வந்தார்கள். பவலின் துணிச்சலில் பாதி, தவறான படகை எடுத்துப் போனதால் தேவைப்பட்ட துணிச்சல்.

லூயிஸ், கிளார்க் பயணக் குறிப்புகளுக்குப் பல பதிப்புகள் இருக்கின்றன. எதை வாங்குவது? (திருவொற்றியூர் வாசகி)

லூயிஸும் கிளார்க்கும் அமெரிக்க அரசு மேற்கே அனுப்பிய பயணக் குழுவின் தலைவர்கள். 1804 மே மாதம் மிசோரி ஆற்றில் ஏறி, 1805 நவம்பரில் பசிபிக் கரையைத் தொட்டு, 1806 செப்டம்பரில் திரும்பினார்கள். 1814-ல் வந்த முதல் பதிப்பு நிக்கோலஸ் பிடில் என்பவர் அவர்களின் குறிப்புகளைக் கோர்த்து எழுதிய கதை. செடி, விலங்கு பற்றிய பகுதியை இன்னொருவர் தனியாக எழுதுவார் என்று ஒதுக்கினார்கள். அவர் எழுதவே இல்லை. குறிப்பேடுகள் மூல வடிவிலேயே முதலில் விரிவாக அச்சானது 1904-05-ல். இப்போது ஆய்வாளர்கள் பயன்படுத்துவது கேரி மோல்டன் பதிப்பித்த 13 தொகுதிகள். அதை இணையத்தில் இலவசமாகவே படிக்கலாம், வாங்க வேண்டாம். கையில் வைத்துக்கொள்ள, கிளார்க் வரைந்த வரைபடம் சேர்ந்த ஒற்றைத் தொகுதிச் சுருக்கம் ஒன்று போதும். வரைபடம் இல்லாத பதிப்பை அன்பளிப்பாகக் கொடுத்தாலும் யோசித்து வாங்குங்கள்.

வெள்ளைக்காரர் கதைதானா? நம் பக்கத்து ஆட்கள் யாரும் இல்லையா? (வியாசர்பாடி மாணவி)

நல்லாக் கேட்டீங்க தங்கச்சி. இமயத்துக்கு அப்பால் ஆங்கிலேயர் போக முடியாத இடங்களுக்கு நில அளவைத் துறை மாறுவேடத்தில் அனுப்பிய 'பண்டிட்'டுகள் என்ற நம்மூர் அளவையாளர்களின் கதை எந்த அமெரிக்கப் பயணத்துக்கும் குறைந்ததல்ல. அந்த அளவை தொடங்கியதே நம்ம ஊரில்தான்: 1802-ல் பரங்கிமலை அருகே வில்லியம் லாம்ப்டன் என்ற ஆங்கிலேய அதிகாரி, மற்ற அளவுக்கெல்லாம் அடிப்படையாக ஏழரை மைல் நேர்கோடு ஒன்றைச் சங்கிலி வைத்து அளந்தார்.

இமயமலையின் குமாவோன் பகுதியைச் சேர்ந்த பண்டிட் நைன் சிங் 1866 தொடக்கத்தில் திபெத்தின் லாசா போய்ச் சேர்ந்தார். அவர் கையில் இருந்த ஜெபமாலையில் 108 மணிக்குப் பதிலாக 100 மணிதான். நூறு காலடிக்கு ஒரு மணி. மாலை ஒரு சுற்று முடிந்தால் 10,000 காலடி. மைலுக்கு ஏறத்தாழ 2,000 காலடி என்று நடையைப் பழக்கியிருந்ததால், ஒரு சுற்று 5 மைல். பிரார்த்தனைச் சக்கரத்துக்குள் மந்திரத்துக்குப் பதில் குறிப்புச் சீட்டுகள். உயரத்தைக் கண்டுபிடிக்க, தண்ணீர் கொதிக்கும் வெப்பத்தை அளந்தார்கள்: சுமார் 300 மீட்டர் ஏறினால் கொதிநிலை ஒரு டிகிரி செல்சியஸ் குறையும். வெப்பமானியில் அரை டிகிரி பிசகினால் மலையின் உயரம் 150 மீட்டர் மாறிவிடும். பழைய புத்தகங்களில் ஊர்களின் உயரம் ஒன்றுக்கொன்று ஒத்துப்போகாததற்கு இது ஒரு காரணம்.

அதே துறை அனுப்பிய கிந்துப் என்பவரின் கதை இன்னும் கனமானது. திபெத்தின் சாங்போ ஆறுதான் பிரம்மபுத்திராவா என்று பார்க்க, அடையாளமிட்ட 500 மரக்கட்டைகளை ஆற்றில் விட வேண்டும். அசாம் பக்கம் ஆள் வைத்துப் பார்ப்பார்கள். 1880-ல் கிளம்பியவரை, கூட வந்த லாமா அடிமையாக விற்றுவிட்டார். தப்பி, ஒரு மடத்தில் அடைக்கலமாகி, நாளுக்கு 50 என்று 500 கட்டைகளையும் விட்டார். கட்டை விடும் நாளை முன்கூட்டிச் சொன்ன கடிதம் உரியவரிடம் போய்ச் சேரவில்லை. கீழே பார்க்க யாரும் இல்லை. அவருக்கு எழுதத் தெரியாது. வாயால் சொன்னதை வேறொருவர் எழுத, அது மொழிபெயர்ப்பாகி அச்சில் வந்தபோது சாங்போவில் 150 அடி அருவி ஒன்று முளைத்திருந்தது. 1913-ல் பெய்லி, மோர்ஸ்ஹெட் என்ற ஆங்கிலேய அதிகாரிகள் நேரில் போனால் அங்கே இருந்தது சுமார் 30 அடி. 150 அடி என்று கிந்துப் சொன்னது ஆற்றுக்குள் விழும் ஓர் ஓடையைப் பற்றி. இந்தக் கதையை எங்கே படித்தாலும், கிந்துப் சொன்னதும் எழுதியவர் சேர்த்ததும் பிரிந்து தெரிகிறதா என்று பாருங்கள்.

வரைபடத்தில் ஓர் ஆற்றின் நீளத்தை நாமே அளக்க முடியுமா? புத்தகத்தில் சொல்லும் மைல் கணக்கைச் சரிபார்க்க ஆசை. (எண்ணூர் வாசகர்)

முடியும். பழகுவதற்கு உங்கள் வீட்டுப் பக்கம் கடலில் சேரும் கொசஸ்தலை ஆற்றையே எடுங்கள். இந்திய நில அளவைத் துறையின் இணையதளத்தில் 1:50,000 அளவு வரைபடங்கள் கிடைக்கும்; அதில் 2 செ.மீ. என்பது 1 கி.மீ.

பருத்தி நூல் ஒன்றை லேசாக ஈரமாக்குங்கள். அப்போதுதான் வளைவில் படிந்து நிற்கும். நைலான் நூல் எகிறும், சரிப்படாது. பூண்டி அணைக்கு அருகே ஒரு முனையைக் குண்டூசியால் குத்தி, ஆற்றின் நடுக்கோட்டில் இரண்டு விரல் அகலம் இரண்டு விரல் அகலமாக நூலைப் படியவையுங்கள். எண்ணூர் முகத்துவாரத்தில் பேனாவால் குறி. நூலை இழுக்காமல் நேராக்கி, ஸ்கேலில் வைக்காமல் வரைபடத்தின் ஓரத்தில் அச்சிட்டிருக்கும் அளவுக் கோட்டின் மேல் வைத்துப் பாருங்கள். மூன்று முறை அளந்து சராசரி எடுங்கள். 1 மி.மீ. பிசகு 50 மீட்டர்.

எங்கே தப்பு வரும்? முதலாவது, ஜெராக்ஸ் கடை. 'ஃபிட் டு பேஜ்' போட்டு அச்சடித்தால் படம் சுருங்கும், 2 செ.மீ. கணக்கு பொய்யாகும். அளவுக் கோடு படத்தோடு சேர்ந்தே சுருங்குவதால் அதை மட்டும் நம்பலாம். இரண்டாவது, சின்ன அளவு வரைபடத்தில் வளைவுகளை மழித்துவிடுவார்கள். நீளம் எப்போதும் குறைவாகவே வரும். மூன்றாவது, பழைய படமும் புதிய படமும் ஒத்துப்போகாவிட்டால் உங்கள் நூலைக் குறை சொல்லாதீர்கள், ஆறே நகர்ந்திருக்கலாம்.

ஒரு விஷயம்: பழைய ஆங்கில நூல்களின் பெயரடைவில் கொசஸ்தலை 'கோர்த்தலியார்' என்று இருக்கும். பக்கிங்காம் கால்வாயை 1878-க்கு முந்திய நூல்களில் 'கொக்ரேன் கால்வாய்' என்று தேடுங்கள்.

எல்லைப்புற வரலாறு என்று எதைச் சொல்கிறார்கள்? (பெரம்பூர் வாசகர்)

அமெரிக்கப் புத்தகங்களில், குடியேறிகள் மேற்கே நகர்ந்த கதை. சதுர மைலுக்கு 2 பேருக்கும் குறைவாக இருந்தால் குடியேறாத நிலம் என்று மக்கள்தொகைக் கணக்கெடுப்பு வைத்திருந்தது. அப்படி ஓர் எல்லைக்கோடு இனி இல்லை என்று 1890 கணக்கெடுப்பு சொன்னது. அதைப் பிடித்துக்கொண்டு 1893-ல் சிகாகோவில் ஃபிரெடெரிக் ஜாக்சன் டர்னர் என்ற வரலாற்றாசிரியர், அமெரிக்கக் குணமே அந்த எல்லையில் உருவானது என்றார். 'காலி நிலம்' என்றதில் ஏற்கெனவே வாழ்ந்த பழங்குடிகள் எங்கே என்பதுதான் பின்னால் வந்தவர்கள் கேட்ட கேள்வி. புத்தகம் வாங்கும்போது பெயரடைவில் அந்த மக்களின் பெயர்கள் இருக்கின்றனவா என்று புரட்டுங்கள்.

ஆற்று நூல்களில் வரும் கன அடி, டி.எம்.சி. குழப்புகிறது. (புழல் வாசகி)

விநாடிக்கு ஒரு கன அடி என்பது விநாடிக்கு 28.3 லிட்டர். டி.எம்.சி. என்பது நூறு கோடி கன அடி. விநாடிக்கு 11,574 கன அடி வீதம் ஒரு நாள் முழுக்க ஓடினால் ஒரு டி.எம்.சி. கன அடி வேகத்தைச் சொல்லும்போதும் வரும், கொள்ளளவைச் சொல்லும்போதும் வரும். 'விநாடிக்கு' இருக்கிறதா என்று பார்த்தால் குழப்பம் தீர்ந்தது.

அல்லிக்குளம் பழைய புத்தகக் கடைகளில் பயண நூல் வாங்கும்போது என்ன பார்ப்பது? வீட்டில் உப்புக் காற்று வேறு. (ராயபுரம் வாசகர்)

முதலில் முன்பக்கத்துப் படங்கள் பட்டியலை எடுத்து ஒவ்வொன்றாக எண்ணுங்கள். மடித்து வைத்த வரைபடத்தைத்தான் முதலில் கிழித்துத் தனியாக விற்பார்கள். பிறகு பக்க எண்கள்: பெரும்பாலும் 16 பக்கம் ஒரு கட்டாகத் தைப்பதால், 96-க்கு அடுத்து 113 வந்தால் ஒரு கட்டு முழுசாக இல்லை. 1954 சட்டப்படி இந்தியாவில் அச்சாகும் நூல்கள் எழும்பூர் கன்னிமாரா நூலகத்துக்கு அனுப்பப்பட வேண்டும். இந்தியப் பதிப்பானால் வாங்குமுன் அங்கே ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

ராமபாணப் பூச்சி இருந்தால், காற்றை வெளியேற்றிய பிளாஸ்டிக் பையில் கட்டி ஃப்ரீசரில் இரண்டு வாரம் வையுங்கள். வெளியே எடுத்ததும் பிரிக்கக் கூடாது. ஒரு நாள் கழித்துப் பிரியுங்கள், இல்லையென்றால் தாளில் நீர் கோத்துக்கொள்ளும். அலமாரியைக் கடல் பக்கச் சுவரில் ஒட்டாமல் நான்கு விரல் தள்ளி வையுங்கள். உப்பு படிந்த தாள் ஈரத்தை இழுக்கும், பிறகு பூஞ்சணம்.

வரைபடத்தின் மடிப்பு கிழிந்தால் செலோ டேப் வேண்டாம். சில வருடத்தில் பசை மஞ்சளாகித் தாளுக்குள் இறங்கும். மெல்லிய டிஷ்யூ தாளை மைதா பசையில் பின்பக்கம் ஒட்டுங்கள். பைண்டிங்குக்குக் கொடுத்தால், பசையில் மயில்துத்தம் போட வேண்டாம் என்று முன்பே சொல்லிவிடுங்கள். அது பூச்சியைத் தடுக்கும், கூடவே தாளையும் அரிக்கும்.