சிங்கப்பூரும் சின்ன நாடு, இலங்கையும் சின்ன நாடு. இலங்கை மட்டும் ஏன் விழுந்தது?

கேட்டிருப்பது இது: "சிங்கப்பூர், மொரீஷியஸ் எல்லாம் சின்ன நாடுகளாக இருந்தும் முன்னேறிவிட்டன. தெற்காசியாவிலேயே முதலில், 1977-ல், சந்தையைத் திறந்துவிட்ட இலங்கை 2022-ல் ஏன் கடனைக் கட்ட முடியாமல் நின்றது? சின்ன நாடு வெளியுலகத்தை நம்பி வாழ்வதே தப்பா?"

நான் பொருளாதாரம் படித்தவன் இல்லை. மதுரை கீழமாசி வீதியில் எங்கள் குடும்பத்துக்கு மிளகாய் வத்தல், மல்லி, பருப்பு மொத்த வியாபாரம், சரக்கில் ஒரு பங்கு தூத்துக்குடி ஏற்றுமதிக்காரர்கள் வழியாகக் கொழும்புக்குப் போகும். அதனால் 2022-ஐ டிவியில் பார்த்ததோடு எங்கள் வரவு செலவுப் புத்தகத்திலும் பார்த்தோம். அந்தத் தெம்பில்தான் பதில் சொல்கிறேன்.

வெளியுலகத்தை நம்பியது தப்பில்லை. வாங்குவதற்கும் கடன் எடுப்பதற்கும் நம்பினார்கள், விற்பதற்கு அந்த அளவு நம்பவில்லை, அதுதான் தப்பு.

சின்ன நாட்டின் முதல் தலைவலி, தான் வாங்கும் பொருளுக்கும் விற்கும் பொருளுக்கும் அதனால் விலை வைக்க முடியாது. கொழும்பில் வத்தல் என்ன விலை என்பதைக் குண்டூர் வரத்துதான் தீர்மானிக்கும், பெட்ரோல் விலையை வளைகுடா தீர்மானிக்கும், தேயிலைக்கு வெளிநாட்டுக்காரன் என்ன கொடுக்கிறானோ அதுதான் விலை. 2023 டிசம்பரில் நம் ஊரில் வெங்காய விலையைப் பிடிக்க மத்திய அரசு ஏற்றுமதிக்குத் தடை போட்டது, 2024 மே மாதம் வரை அது முழுதாக விலகவில்லை, அதற்கு இலங்கைக்காரன் என்ன பாவம் செய்தான்? ஆனால் கொழும்பு புறக்கோட்டையில் வெங்காயம் வாங்கியவர்கள் அதற்கும் சேர்த்துத்தான் காசு கொடுத்தார்கள். இதை யாராலும் மாற்ற முடியாது, அதற்குத் தயாராக இருக்கத்தான் முடியும். தயாராக இருப்பது என்றால் கையில் டாலர், அரசுக்கு நிலையான வரி வருமானம், அடி விழும்போது கொஞ்சம் வளைந்து கொடுக்கும் நாணய மதிப்பு. மூன்றையும் 2019-க்கும் 2022-க்கும் நடுவில் இலங்கை தொலைத்தது.

யோசித்துப் பார்த்தால் மதுரை மாவட்டமே ஒரு சின்னத் திறந்த பொருளாதாரம்தான். முப்பது லட்சம் பேருக்கு மேல் இருக்கிறோம், பருப்பு வடக்கிலிருந்து வருகிறது, அரிசியில் பெரும்பங்கு வெளி மாவட்டம், செல்போன் எங்கிருந்தோ, கார் எங்கிருந்தோ. பதிலுக்கு நாம் வெளியே அனுப்புவது மல்லிகைப்பூ, ரப்பர் பொருள், கிரானைட், துணி, அப்புறம் முக்கியமாக ஆட்கள். திருப்பூருக்கும் சென்னைக்கும் துபாய்க்கும் போய்ச் சம்பாதித்து அனுப்புகிறார்கள். வரவும் செலவும் ஒத்துப்போகாவிட்டாலும் மதுரையில் ஒரு நாளும் "பருப்பு வாங்கப் பணம் வெளியே போக முடியவில்லை" என்ற நிலை வராது, ஏனென்றால் பருப்பு அனுப்பும் வடக்கத்திக்காரனும் நாமும் ஒரே ரூபாயில் பேசுகிறோம், வறட்சி வந்தால் சென்னையிலிருந்தும் தில்லியிலிருந்தும் ஏதாவது வரும். இலங்கைக்கு இந்த வசதி கிடையாது. மக்கள்தொகை ஏறக்குறைய 2.2 கோடி, சொந்த நாணயம், அந்த நாணயத்தை அந்தத் தீவுக்கு வெளியே யாரும் வாங்கமாட்டார்கள்.

இனி ஏற்றுமதி. 1977-ல் ஆட்சிக்கு வந்த ஜே.ஆர். ஜெயவர்தன சந்தையைத் திறந்துவிட்டதும், கொழும்புக்குப் பக்கத்தில் கட்டுநாயக்கவில் ஏற்றுமதித் தொழில்களுக்குச் சலுகை தரும் சுதந்திர வர்த்தக வலயம் வந்தது, ஆயத்த ஆடைத் தொழில் வளர்ந்தது, இன்றைக்கும் அந்த நாட்டைத் தாங்குவது அந்தத் தையல் மெஷின்கள்தான். ஆனால் அதற்குப் பிறகு புதிதாக என்ன விற்றார்கள் என்று தேடினால் பெரிதாக ஒன்றும் கிடைக்காது. 2000-ல் நாட்டின் மொத்த உற்பத்தியில் ஏற்றுமதி 40 சதவீதத்தை ஒட்டி இருந்தது, 2010-களில் 20-ஐ ஒட்டி இறங்கிவிட்டது. போரை எல்லோரும் காரணம் சொல்வார்கள், அது உண்மைதான், அது மட்டும் இல்லை. சுங்க வரிக்கு மேல் செஸ் என்ற கூடுதல் வரி, துறைமுக விமான நிலைய வரி என்று இறக்குமதியின் மேல் அடுக்கடுக்காகப் போட்டார்கள். பார்த்தால் உள்ளூர்த் தொழிலைக் காப்பது மாதிரி இருக்கும். நான் ஒரு வியாபாரியாகச் சொல்கிறேன், வெளியிலிருந்து போட்டி வராதபடி அரசாங்கமே காவல் நிற்கும் சந்தையில் டைல்ஸோ பிஸ்கட்டோ செய்து நல்ல லாபத்துக்கு விற்கலாம் என்றால், எவன் மெனக்கெட்டு ஜெர்மனிக்காரனிடம் தரச் சான்றிதழ் வாங்கி ஏற்றுமதி செய்வான்?

ஏற்றுமதி ஏறாத இடத்தைக் கடன் நிரப்பியது. 2007-ல் முதன்முதலாகச் சர்வதேசச் சந்தையில் 50 கோடி டாலருக்குக் கடன் பத்திரம் விற்றார்கள், 2022-ல் நிலுவையில் நின்ற பத்திரங்கள் மட்டும் 1,250 கோடி டாலரை ஒட்டி. இங்கே டீக்கடையில் கேட்டால் "சீனாக்காரன் கடன் வலையில் சிக்கிட்டாங்க" என்பார்கள். அம்பாந்தோட்டைத் துறைமுகத்தை 99 வருடக் குத்தகைக்குக் கொடுத்த கதை படத்துக்கு நன்றாக இருக்கும், ஆனால் கழுத்தைப் பிடித்தது அதிக வட்டிக்கு வாங்கிய இந்தப் பத்திரங்கள்தான். சீனக் கடனும் பாரம்தான், மறுக்கவில்லை.

அப்புறம் 2019. ஏப்ரலில் ஈஸ்டர் குண்டுவெடிப்பு, சுற்றுலா படுத்தது. வருடக் கடைசியில் புதிய அரசு வந்து வாட் வரியை 15 சதவீதத்திலிருந்து 8-க்கு இறக்கியது. பலர் இதோடு நிறுத்திவிடுவார்கள், அதைவிட மோசமான வேலை ஒன்று இருக்கிறது: வருட விற்பனை 1.2 கோடி இலங்கை ரூபாய் தாண்டினால் வாட்டில் பதிவு செய்ய வேண்டும் என்றிருந்த வரம்பை 30 கோடி ரூபாய்க்கு ஏற்றினார்கள். இங்கே ஜிஎஸ்டிக்கு 40 லட்சம் வரம்பு, அதற்கே நாங்கள் புலம்புகிறோம்! பதிவில் இருந்த பெருங்கூட்டம் ஒரே அடியில் வெளியே போய்விட்டது. வெளியே விட்டவர்களைத் திரும்ப உள்ளே கொண்டுவருவது எவ்வளவு கஷ்டம் என்று எந்த வணிகவரி அதிகாரியைக் கேட்டாலும் சொல்வார். சில மாதத்தில் கொரோனா. ஒரு நாடு கடனைத் திருப்பிக் கட்டுமா என்று மதிப்பெண் போடும் தரமதிப்பீட்டு நிறுவனங்கள் இலங்கையின் மதிப்பெண்ணைக் குறைத்தன, வெளிச் சந்தையில் கடன் கிடைக்கவில்லை, மத்திய வங்கி ரூபாய் அச்சடித்தது.

என் கணக்கில் பெரிய தப்பு நாணய மாற்று விகிதம். டாலர் தட்டுப்பாடு ஊருக்கே தெரிந்த பிறகும் ஒரு டாலர் 200 ரூபாய்ச் சொச்சம் என்று 2022 மார்ச் வரை பிடித்து வைத்தார்கள். வெளியே 240, 250 என்று ஓடியது. வளைகுடாவில் வேலை செய்கிற பையன் வங்கியில் அனுப்புவானா, வங்கிக்கு வெளியே ஆள் வைத்துக் கைமாற்றும் உண்டியலில் அனுப்புவானா? நம் பக்கத்து ஊர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். 2020-ல் 710 கோடி டாலர் வந்த இடத்தில் 2021-ல் 550 கோடிதான் வங்கி வழியாக வந்தது, 2022-ல் 380 கோடி. வங்கியில் அனுப்பினால் டாலருக்கு இத்தனை ரூபாய் கூடுதல் என்று ஊக்கத்தொகை அறிவித்துப் பார்த்தார்கள், வித்தியாசம் 40, 50 ரூபாய் இருக்கும்போது அது எதற்கு ஆகும். இத்தனைக்கும் நடுவில் 2022 ஜனவரியில் இருந்த டாலரிலிருந்து 50 கோடியை எடுத்து ஒரு கடன் பத்திரத்தை அடைத்தார்கள், கௌரவத்துக்காக. அந்தக் காசில் எத்தனை கப்பல் டீசல் வாங்கியிருக்கலாம்.

எங்களுக்கு அது எப்படித் தெரிந்தது என்றால், எல்.சி, அதாவது சரக்குக்குப் பணம் தருவதாக வாங்குபவரின் வங்கி கொடுக்கும் உறுதிக் கடிதம், வரவில்லை. கொழும்புப் பார்ட்டியிடம் இலங்கை ரூபாய் இருக்கிறது, வங்கியில் டாலர் இல்லை. சரக்குப் போய் இறங்கிய கண்டெய்னர்கள் துறைமுகத்திலேயே நின்றன, வாடகை ஏறியது, தூத்துக்குடிக்காரர் எங்களுக்குப் பணம் தராமல் இழுத்தார், நாங்கள் அடுத்தவருக்கு இழுத்தோம். மார்ச்சில் நாணய மதிப்பைப் பிடித்து வைக்காமல் விட்டதும் இரண்டு மாதத்தில் டாலர் 360-ஐத் தொட்டது. ஏப்ரல் 12-ந்தேதி வெளிநாட்டுக் கடன் கட்டுவதை நிறுத்துவதாக அறிவித்தார்கள், கையில் உடனே எடுக்கக்கூடிய டாலர் 5 கோடிகூட இல்லை என்று அப்போதைய நிதியமைச்சரே நாடாளுமன்றத்தில் சொன்னார். செப்டம்பரில் விலைவாசி ஏற்றம் 70 சதவீதத்தைத் தொட்டது. உணவு, மருந்துக்காக இந்தியா ஸ்டேட் வங்கி வழியாகக் கொடுத்த 100 கோடி டாலர் கடன் வசதி இல்லையென்றால் நிலைமை இன்னும் மோசமாகியிருக்கும்.

உரத் தடையைப் பற்றிக் கேட்பீர்கள். 2021-ல் ஒரே இரவில் இயற்கை விவசாயம் என்று ரசாயன உர இறக்குமதியை நிறுத்தினார்கள், நவம்பரில் பின்வாங்கினார்கள், அதற்குள் நெல்லும் தேயிலையும் அடி வாங்கிவிட்டன. உரத்துக்குப் போகும் டாலரை மிச்சம் பிடிக்கப்போய் அரிசிக்கு டாலர் கொடுத்தார்கள். வேறென்ன சொல்ல.

சிங்கப்பூரைப் பற்றி அதிகம் எழுத ஒன்றுமில்லை, அது நகரம், துறைமுகம், அதன் வர்த்தகம் மொத்த உற்பத்தியைவிட மூன்று மடங்குக்கு மேல். கவனிக்க வேண்டியது ஒன்று: 1981 முதல் அங்கே பணக் கொள்கை நடப்பது வட்டி விகிதத்தை வைத்து அல்ல, நாணய மதிப்பை வைத்து. எல்லாமே இறக்குமதி என்பதால் நாணயம்தான் விலைவாசியின் கடிவாளம். ஆனால் அதைச் செய்ய மலை மாதிரி கையிருப்பு வேண்டும். கையிருப்பே இல்லாமல் அதே வேலையைச் செய்தால் என்ன ஆகும் என்பதைத்தான் கொழும்பு காட்டியது. மொரீஷியஸ்தான் இலங்கைக்குப் பொருத்தமான ஒப்பீடு. அவர்கள் ரூபாய் நோட்டில் தமிழ்கூட இருக்கும். 1968-ல் சுதந்திரம் வாங்கும்போது கரும்பைத் தவிர ஒன்றுமில்லை, தேறாது என்று வெள்ளைக்கார நிபுணர்களே எழுதிவைத்திருந்தார்கள். 1970-ல் ஏற்றுமதி வலயச் சட்டம், சர்க்கரையில் வந்த லாபம் துணி ஆலைக்குப் போனது, அப்புறம் சுற்றுலா, அப்புறம் நிதிச் சேவை. ஒன்று தளரும்போது அடுத்தது தயாராக இருந்தது.

இப்போது இலங்கை செய்வதில் பாதி சரி. 2023 மார்ச்சில் ஐஎம்எஃப் என்ற சர்வதேச நாணய நிதியம் ஏறக்குறைய 300 கோடி டாலர் திட்டம் கொடுத்தது, அவர்களிடம் போனது அது 17-வது தடவை. வாட் 18 சதவீதமாகிவிட்டது, மத்திய வங்கி அரசாங்கத்துக்கு நேரடியாகக் கடன் கொடுக்கக்கூடாது என்று சட்டம் போட்டார்கள், விலைவாசி இறங்கியது. சம்பளக்காரன் வயிற்றில்தான் அந்தப் பாரம் விழுந்திருக்கிறது, அதைச் சொல்லாமல் விட முடியாது. 2025 பிப்ரவரியில் கார் இறக்குமதியையும் திறந்துவிட்டார்கள், வரி வரும் என்பதற்காக.

பாக்கி இருப்பது ஏற்றுமதி, அங்கேதான் எனக்கு நம்பிக்கை குறைவு. 2025 ஏப்ரலில் அமெரிக்கா இலங்கைச் சரக்குக்கு 44 சதவீத வரி என்றது, பேசிப் பேசி ஆகஸ்டில் 20 ஆனது, அதே மாதக் கடைசியில் இந்தியாவுக்கு 50 ஆகி திருப்பூர் தலையில் கை வைத்தது. இலங்கையில் ஆர்டர் எடுத்தவர்களுக்கு அப்போது அது நல்ல நேரமாகத்தான் இருந்தது, ஆனால் வாஷிங்டனில் யாரோ மனது வைத்ததால் வந்த நேரம். நிறுத்திவைத்த கடனின் பெரிய தவணைகள் 2028-லிருந்து மறுபடி ஆரம்பிக்கின்றன. அதற்குள் அந்தச் செஸ் அடுக்குகளைக் கழற்றுவார்களா என்றுதான் நான் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.