78 டிகிரியில் நிறுத்தினால் தூய எத்தனால் கிடைக்குமா?

கேள்வி: எத்தனால் 78 டிகிரி செல்சியஸிலும் தண்ணீர் 100 டிகிரியிலும் கொதிக்கின்றன என்று படிக்கிறோம். இரண்டும் கலந்த கலவையை 78 டிகிரிக்குச் சூடாக்கி அங்கேயே நிறுத்திவைத்தால், எத்தனால் முழுவதும் ஆவியாகிப் போய்த் தண்ணீர் மட்டும் குடுவையில் தங்கிவிடுமா?

பதில்: அப்படி நடக்காது. ஒரு திரவத்தின் ஆவியழுத்தம், அதாவது அதிலிருந்து எழும் ஆவி தரும் அழுத்தம், அதைச் சூழ்ந்துள்ள அழுத்தத்துக்குச் சமமாகும் வெப்பநிலையைத்தான் கொதிநிலை என்கிறோம். அதற்காக, 100 டிகிரியை எட்டும்வரை தண்ணீர் ஆவியாகாமல் காத்திருப்பதில்லை. 78 டிகிரியிலேயே தூய தண்ணீரின் ஆவியழுத்தம் வளிமண்டல அழுத்தத்தில் 40 சதவீதத்தைத் தாண்டிவிடுகிறது. கலவையில் இரண்டு திரவங்களின் ஆவியழுத்தமும் ஒன்றுசேர்ந்தே வெளி அழுத்தத்துக்கு ஈடுகொடுக்கின்றன என்பதால், கொதிப்பது கலவைதான். எழும் ஆவியிலும் இரண்டும் இருக்கும். ஆனால் எத்தனால் எளிதில் ஆவியாகக்கூடியது என்பதால், திரவத்தில் இருப்பதைவிட ஆவியில் அதன் பங்கு கூடிவிடுகிறது. காய்ச்சி வடித்தல் முழுவதும் இந்த ஒரு வேறுபாட்டை நம்பியே நடக்கிறது.

எடையில் 10 சதவீதம் எத்தனால் உள்ள கரைசலை எடுத்துக்கொள்வோம். அது 78 டிகிரியில் கொதிக்கவே கொதிக்காது. 92 டிகிரியை ஒட்டித்தான் கொதிக்கத் தொடங்கும். முதலில் எழும் ஆவியைக் குளிரவைத்தால் கிடைக்கும் திரவத்தில் ஏறக்குறைய பாதி எத்தனாலாக இருக்கும். நேரம் செல்லச் செல்லக் குடுவையில் எத்தனால் குறைந்து, வெப்பநிலை மெல்ல 100 டிகிரியை நோக்கி ஏறும். வெப்பநிலைமானியின் குமிழைத் திரவத்துக்குள் முக்காமல், ஆவி பக்கக்குழாய்க்குத் திரும்பும் இடத்துக்கு நேராக வைப்பதன் காரணமும் இதுவே: நாம் அறிய வேண்டியது வெளியேறும் ஆவியின் வெப்பநிலை.

வடித்ததை மீண்டும் மீண்டும் வடித்தால் தூய்மை கூடும். அந்த வேலையை ஒரே முயற்சியில் செய்வதற்காகவே குடுவையின் மேல் கண்ணாடி மணிகள் நிரப்பிய உயரமான குழாயைப் பொருத்துகிறார்கள். மேலேறும் ஆவி மணிகளின்மீது குளிர்ந்து திரவமாகிறது. பின்னால் வரும் சூடான ஆவி அத்திரவத்தை மறுபடி ஆவியாக்குகிறது. ஒவ்வொரு முறையும் எத்தனால் மேல்நோக்கியும் தண்ணீர் கீழ்நோக்கியும் நகர்கின்றன. இதுவே பின்னக் காய்ச்சி வடித்தல்.

இந்த முறைக்கும் ஓர் எல்லை உண்டு என்பதைப் பலர் அறிவதில்லை. எடையில் 95.6 சதவீதத்தை எட்டியதும் கலவை 78.2 டிகிரியில், அதாவது தூய எத்தனாலின் கொதிநிலைக்கும் சற்றுக் கீழே, ஒரே திரவம்போலக் கொதிக்கிறது. ஆவிக்கும் திரவத்துக்கும் இயைபில் வேறுபாடு இல்லாததால், வளிமண்டல அழுத்தத்தில் குழாயை எவ்வளவு நீட்டினாலும் பயனில்லை. இத்தகைய கொதிநிலை மாறாக் கலவையில் எஞ்சிய நீரை, நீர் மூலக்கூறுகளை மட்டும் உள்வாங்கும் நுண்துளைகள் கொண்ட மூலக்கூறு சல்லடையால் நீக்குகிறார்கள்.

கேள்வி: கச்சா எண்ணெயின் அடிக்கசடை மட்டும் ஏன் குறைந்த அழுத்தத்தில் வடிக்கிறார்கள்?

பதில்: சாதாரண அழுத்தத்தில் அதைக் கொதிக்கவைக்க வேண்டுமானால் ஏறத்தாழ 350 டிகிரிக்கு மேல் வெகுதூரம் செல்ல வேண்டியிருக்கும், அந்த வெப்பத்தில் பெரிய மூலக்கூறுகள் ஆவியாவதற்கு முன்பே சிதைந்து கரியாகப் படியத் தொடங்கும். அழுத்தத்தைக் குறைத்தால் கொதிநிலையும் இறங்குகிறது, மூலக்கூறுகள் சிதையாமல் பிரிகின்றன.