பேசாத அண்ணனை விட்டுட்டு கேஸ் போடலாமா?

கேள்வி: ஐயா வணக்கம். அப்பா அம்மா காலத்துக்கு அப்புறம் வீடு எங்க நாலு பேர் பேருக்கும் மாறியாச்சு, ஆளுக்கு கால் பங்கு. விக்கலாம்னா சிங்கப்பூர்ல இருக்கிற பெரியண்ணன் போனே எடுக்கறதில்ல. சின்னண்ணன் போன வருஷம் தவறிட்டாரு, ரெண்டு சின்னப் பிள்ளைங்க, அண்ணியோட எங்களுக்குப் பேச்சுவார்த்தை இல்ல. நானும் தங்கச்சியும் மட்டும் பினாங்கு ஹைகோர்ட்ல மனு போட்டு வித்துடலாமா?
- வாசகி, புக்கிட் மெர்தாஜாம்

பதில்: மனு போடலாம்மா. கூட்டுச் சொந்தக்காரங்க ஒத்துவரலைன்னா மத்தவங்க கோர்ட்டுக்குப் போக தேசிய நிலச் சட்டத்தோட 145ஆம் பிரிவு வழி விட்டிருக்கு. ஆனா அந்த ரெண்டு பங்கையும் விட்டுட்டுப் போடக்கூடாது. நீங்க கேக்குற உத்தரவு அவங்க பாதியையும் சேர்த்துதான விக்கப்போகுது, அவங்க பக்கத்தைக் கேக்காமலே வாங்கிட்டீங்கன்னா நாளைக்கு ரத்து பண்ணுங்கன்னு வந்து நிப்பாங்க, அதுக்குள்ள வீடு வாங்குறவர் டெபாசிட் கட்டியிருப்பாரு, எல்லாருக்கும் தலைவலி. 1969லயே பெகாங் மைனிங் கேஸ்ல, அப்போ மலேசியாவுக்குக் கடைசி அப்பீல் கோர்ட்டா இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் கேட்டது இதைத்தான், வரப்போற உத்தரவு கேஸ்ல சேராத ஒருத்தரோட உரிமையை நேரடியா பாதிக்குமா? பாதிக்கும்னா அவரைக் கேக்கணும். ஒரு பேர் விட்டுப்போச்சேங்கறதுக்காக மட்டும் கேஸ் தள்ளுபடி ஆகாது, கோர்ட் விதிகளோட 15ஆவது ஆர்டர்படி கோர்ட்டே சேர்க்கச் சொல்லலாம், ஆனா மறுபடி தேதி, மறுபடி செலவு.

பெரியண்ணன் விஷயம் சுலபம். கோர்ட் அனுமதி வாங்கி சிங்கப்பூர்லயே சம்மனைக் கொடுக்கலாம், ஆள் பிடிபடலைன்னா பேப்பர்ல விளம்பரம் போட அனுமதி கேக்கலாம். அப்புறமும் வரலைன்னா அது அவர் பாடு.

கஷ்டம் சின்னண்ணன் பங்குலதான். இறந்தவர் பேர்ல நோட்டீஸ் அனுப்பி பிரயோஜனமில்ல, அண்ணி பேரை மட்டும் போட்டாலும் பத்தாது, அவரோட சொத்துக்கு எல்.ஏ. (இறந்தவர் சொத்தை நிர்வகிக்கக் கோர்ட் கொடுக்கிற அதிகாரப் பத்திரம்) வாங்கின நிர்வாகி பேர்லதான் போடணும். சின்னண்ணன் உயில் எழுதலைன்னா, முஸ்லிம் அல்லாதவங்களுக்கான 1958 பங்கீட்டுச் சட்டப்படி, அவரோட கால் பங்குல மூணுல ஒண்ணு அண்ணிக்கு, மூணுல ரெண்டு பிள்ளைங்களுக்கு. 18 வயசுக்குக் கீழ பிள்ளைங்க இருந்தா வழக்கமா தனி ஆள் ஒருத்தருக்கு மட்டும் எல்.ஏ. கொடுக்கமாட்டாங்க, ரெண்டு பேராவது வேணும். யாருமே எல்.ஏ. எடுக்கலைன்னா இந்தக் கேஸுக்கு மட்டும் ஒரு பிரதிநிதியை நியமிக்கச் சொல்லி கேக்கவும் வழி இருக்கு. உங்களுக்கும் அண்ணிக்கும் என்ன மனஸ்தாபமோ எனக்குத் தெரியாது, ஆனா அப்பா இல்லாத அந்த ரெண்டு பிள்ளைங்க பங்கு யாரும் பேச ஆளில்லாம போயிடக்கூடாதும்மா.

மொதல்ல லேண்ட் ஆபீஸ்ல வீட்டோட பதிவு விவரத்தைக் காட்டுற சர்ச் பேப்பர் ஒண்ணு எடுங்க. அந்தப் பேப்பர்ல யார் யார் பேர், எவ்வளவு பங்கு, பேங்க் சார்ஜ் (அடமானம்) இருக்கா, யாராவது கேவியட் (நிலப் பதிவுல போடுற தடை) போட்டிருக்காங்களா எல்லாம் இருக்கும், லோன் பாக்கி இருந்தா பேங்குக்கும் சொல்லியாகணும். அதை எடுத்துக்கிட்டு லாயரைப் பாருங்க. அண்ணி எல்.ஏ.வுக்கு மனு போட்டாச்சான்னு இந்த வாரமே கேளுங்க, உங்களால பேச முடியலைன்னா தங்கச்சி பேசட்டும்.