சாண்டோ பனியனில் இருக்கும் சாண்டோ
(வாசகர் கேள்வி – பதில்)

கேள்வி: சாண்டோ பனியன் என்கிறோமே, அந்த சாண்டோ யார்? சினிமா நடிகரா?

பதில்: நடிகர் இல்லை, ஆனால் சினிமாவின் குழந்தைப் பருவத்திலேயே படத்தில் வந்துவிட்டவர். பெயர் யூஜின் சாண்டோ. 1867-ல் பிரஷ்யாவின் கோனிக்ஸ்பர்க்கில் பிறந்தார். எடை தூக்கி வித்தை காட்டியவர்கள் அவருக்கு முன்பும் உண்டு. கூட்டம் எடையைவிட, அதைத் தூக்கும் உடம்பைத்தான் பார்க்கிறது என்று 1893-ல் சிகாகோவில் அவரை மேடையேற்றிய நிகழ்ச்சி அமைப்பாளர் ஜீக்ஃபெல்ட் கண்டுகொண்டார். விளம்பரமும் அதற்கேற்ப மாறியது.

1894 மார்ச் 6 அன்று நியூ ஜெர்சியில் எடிசனின் ஸ்டூடியோவில் அவருடைய உதவியாளர் டிக்சன் சாண்டோவைப் படம் எடுத்தார். கதை கிதை ஒன்றும் கிடையாது. தசையை முறுக்கிக் காட்டுகிறார், அவ்வளவுதான். அடுத்த மாதமே நியூயார்க் பிராட்வேயில் கினெட்டோஸ்கோப் பெட்டிக்குள் ஒவ்வொருவராகக் குனிந்து அதைப் பார்த்தார்கள். 1904–05-ல் இந்தியாவுக்கும் வந்துபோனார். நம் சின்னப்பா தேவருக்கு முன்னால் ஒட்டிக்கொண்ட 'சாண்டோ'வும் இவர் பெயர்தான்.

கேள்வி: அந்தப் பழைய படத்தில் தசைகள் அவ்வளவு தெளிவாகத் தெரிகின்றன. என் செல்போனில் எடுத்தால் உடம்பு தட்டையாக இருக்கிறதே?

பதில்: வெளிச்சம் எங்கிருந்து விழுகிறது என்று பாருங்கள். 'பிளாக் மரியா' என்ற அந்த ஸ்டூடியோவின் கூரையைத் திறந்து வைப்பார்கள். சூரியன் நகர நகர, தண்டவாளத்தின் மேல் கட்டடத்தையே திருப்புவார்கள். மேலிருந்து வெயில் விழுவதால் மார்புக்குக் கீழும் வயிற்று மடிப்புகளிலும் நிழல் தங்கும். அந்த நிழல்தான் தசையைக் காட்டுகிறது. பின்னணியோ முழுக் கறுப்பு.

செல்போன் ஃபிளாஷ் நேர் முன்னாலிருந்து அடித்து இந்த நிழலை அழித்துவிடும். அதை அணைத்துவிட்டு, ஒரே விளக்கைத் தலைக்கு மேலே, சற்று முன்புறமாக வையுங்கள். கறுப்புத் துணியை முதுகுக்கு 2 மீட்டர் பின்னால் கட்டுங்கள். ஒட்டி நின்றால் துணியிலும் வெளிச்சம் பட்டுச் சாம்பல் நிறமாகிவிடும். இன்னொரு வம்பு: கறுப்பைக் கண்டதும் கேமரா தானாகவே வெளிச்சத்தைக் கூட்டும், தோல் வெளுத்துப்போகும். திரையில் மார்பைத் தொட்டு, வெளிச்ச அளவைக் கொஞ்சம் இறக்குங்கள்.

கேள்வி: இணையத்தில் அதே படம் ஒரு பிரதியில் வேகமாகவும் இன்னொன்றில் மெதுவாகவும் ஓடுகிறது. எது சரி?

பதில்: எடிசனின் கேமரா வினாடிக்கு 40 படங்கள் வரை எடுக்கக்கூடியது. 50 அடிச் சுருளில் அடிக்கு 16 வீதம் 800 படங்கள். அந்த வேகத்தில் 20 வினாடியில் தீர்ந்துவிடும். அதையே வினாடிக்கு 16 படங்கள் வேகத்தில் ஓட்டினால் 50 வினாடி இழுக்கும். தண்ணீருக்குள் அசைவதுபோல் தெரிந்தால் அது மெதுவாக ஓட்டிய பிரதி.

கேள்வி: சாண்டோ விற்ற ஸ்பிரிங் டம்பெல்லில் என்ன விசேஷம்?

பதில்: கைப்பிடி நீளவாக்கில் இரண்டாகப் பிளந்திருக்கும், நடுவில் ஸ்பிரிங்குகள். அவற்றை அமுக்கி மூடியபடியே பயிற்சி செய்ய வேண்டும். கவனம் சிதறினால் பிடி தளர்ந்து பாதிகள் விலகிக் காட்டிக்கொடுத்துவிடும். சாதாரண டம்பெல்லிலும் இதைச் செய்யலாம்: இலேசான எடை, முழங்கை விலாவோடு, கைப்பிடியை இறுக்கி மெதுவாக மடக்கி, அதைவிட மெதுவாக இறக்குங்கள். பலரும் பிடியை இறுக்கும்போது மூச்சையும் சேர்த்துப் பிடித்துக்கொள்வார்கள், தலை கிறுகிறுக்கும். மடக்கும்போது மூச்சை விடுங்கள்.