சொல் மாற்றி எழுதுதல் – கடிதம்

அன்புள்ள ஐயா,

திரைப்படங்களைப் பற்றி எழுதிப் பழகுகிறேன். ஒரு படம் குறித்து வந்த கட்டுரை என்னை மிகவும் கவர்ந்தது. அதை எதிரில் வைத்துக்கொண்டு, வரிவரியாக ஒவ்வொரு சொல்லுக்கும் பதிலாக அதே பொருளுள்ள வேறு சொல்லைப் போட்டு எழுதினேன். பெரும்பாலான சொற்கள் மாறிவிட்டன. இதை என் கட்டுரை என்று வெளியிடலாமா? இரண்டையும் இணைத்திருக்கிறேன். என் பெயர் வேண்டாம்.

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

வெளியிட வேண்டாம். மூலத்தை ஒளிக்காமல் சேர்த்து அனுப்பியிருக்கிறீர்கள். அதனால்தான் விரிவாக எழுதத் தோன்றுகிறது.

மூலத்தில் ஒரு வாக்கியம்: "அந்த நீண்ட ஷாட்டில் கதவு திறந்தே கிடக்கிறது, அவள் திரும்பி வருவாள் என்று காத்திருக்கிறோம்." உங்களிடம் அது இப்படி ஆகியிருக்கிறது: "அந்த நெடிய காட்சியில் வாயில் திறந்த நிலையில் உள்ளது, அவள் மீண்டு வருவாள் என எதிர்பார்க்கிறோம்."

ஷாட் என்பது கேமரா ஓடத் தொடங்கியதிலிருந்து வெட்டு விழும்வரை உள்ள ஒரே துண்டு. ஒரு காட்சிக்குள் இருபது ஷாட்டுகள் இருக்கலாம். இயக்குநர் அந்த இடத்தில் வெட்டவே இல்லை என்பதைத்தான் கட்டுரையாளர் சொல்ல வந்தார். 'காட்சி' என்று மாற்றியதும் அந்தச் செய்தியே போய்விட்டது. கதவு 'திறந்தே கிடக்கிறது' என்றால் அதைச் சாத்த வீட்டில் ஆளில்லை, அல்லது இருப்பவருக்கு மனமில்லை. 'திறந்த நிலையில் உள்ளது' என்பதில் அந்த வெறுமை ஏது? காத்திருக்கும்போது நேரம் கழிகிறது. எதிர்பார்ப்பு ஒரு நொடியில் வந்து போகும். 'மீண்டு' என்றதும் அவள் ஏதோ ஆபத்தில் சிக்கியவளாகிவிட்டாள். படத்தில் அவள் கோபித்துக்கொண்டு கிளம்பிப் போனவள்.

ஆண் யானைக்குக் களிறு என்றும் பெண் யானைக்குப் பிடி என்றும் தொல்காப்பியத்தின் மரபியல் பெயர் வகுத்திருக்கிறது. இரண்டும் யானைதான். ஆனால் பிடியைக் களிறு என்று எழுதினால் படிப்பவர் கண்முன் வேறொரு யானை வந்து நிற்கும்.

இந்த வேலையை மென்பொருளிடம் விட்டவர்களும் உண்டு. 2021-இல் பிரெஞ்சுக் கணினி அறிவியலாளர் கியோம் கபனாக்கும் அவருடைய சகாக்கள் இருவரும் அறிவியல் கட்டுரைகளில் விநோதமான ஆங்கிலத் தொடர்கள் வருவதைக் கண்டறிந்தார்கள். 'செயற்கை நுண்ணறிவு' என்று இருக்க வேண்டிய இடத்தில் 'போலிப் பிரக்ஞை' என்று பொருள்படும் தொடர் இருந்தது. சித்திரவதைக்குள்ளான தொடர்கள் என்றே அவற்றுக்குப் பெயர் வைத்தார்கள். மறைப்பதற்காகப் போட்ட சொல்லே காட்டிக்கொடுத்துவிட்டது.

எனக்கே நடந்த ஒன்றையும் சொல்கிறேன். முன்பு ஒரு படக் கட்டுரையில், நாயகி விளக்கை அணைத்துவிட்டுக் கடிதத்தைக் கிழிப்பதாக எழுதிவிட்டேன். உண்மையில் அவள் கிழித்த பிறகுதான் அணைக்கிறாள். நினைவை நம்பி எழுதியதால் வந்த பிழை. சில மாதங்கள் கழித்து வேறொருவர் பெயரில் வந்த கட்டுரையில் விளக்கு தீபமாகியிருந்தது, கடிதம் மடலாகியிருந்தது. வரிசை மட்டும் என் பிழைப்படியே இருந்தது. எழுதியவர் அந்தக் காட்சியை ஒருமுறைகூடப் போட்டுப் பார்க்கவில்லை. கோபத்தைவிட வருத்தம்தான் எனக்கு அதிகமாக இருந்தது. அந்தக் காட்சியில் அவள் விரல்கள் நடுங்குவதைப் பற்றி நான் எழுதவில்லை. பார்த்திருந்தால் அவர் எழுதியிருக்கக்கூடும்.

படம் வெளியான ஆண்டு, அதன் நீளம், பணியாற்றியவர்கள் பெயர் முதலியவை பொதுச்சொத்து, தாராளமாக எழுதுங்கள். ஒருவர் உட்கார்ந்து பார்த்துக் கண்டடைந்த கோணம் அப்படியல்ல. அது தேவைப்பட்டால் அவர் பெயரைச் சொல்லி, அவர் வாக்கியத்தை மேற்கோள் குறிக்குள் எழுத்து மாறாமல் கொடுங்கள். பிறகு அதோடு உடன்படுங்கள், அல்லது மல்லுக்கு நில்லுங்கள்.

உங்கள் நான்காம் பத்தியில் மூலத்தில் இல்லாத இரண்டு வரிகள் இருக்கின்றன. மகள் போன பிறகு தந்தை பழக்கத்தில் இரண்டு தட்டுகளை எடுத்து வைக்கிறார், சற்று நின்று ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு போய்க் கவிழ்த்து வைக்கிறார் என்று எழுதியிருக்கிறீர்கள். மூலக் கட்டுரையாளர் இதைக் கவனிக்கவே இல்லை. அந்த வரிகளை நான் இரண்டு முறை படித்தேன். அவருடைய கட்டுரையை மூடி வைத்துவிட்டு, அந்தத் தட்டுகள் வரும் இடத்திலிருந்து படத்தை மறுபடி பாருங்கள். எழுதியதை எனக்கு அனுப்புங்கள்.